கறுத்தக்கொழும்பான் பேஸ்ட்ரி

மாம்பழக் காலத்தில் வட்டக்கச்சிக்கு வருகிறவர்கள் முதலில் காண்பது மாம்பழங்களை அல்ல, ஈக்களைத்தான். இரணைமடுக் குளத்தை நம்பி உருவான குடியேற்றக் கிராமம் இது. வளவுகள் பெரியவை. வளவுக்கு இரண்டு மூன்று மாமரமாவது நிற்கும். கொழும்பில் எண்ணி எண்ணி விற்கும் கறுத்தக்கொழும்பான் இங்கே வெளவால் கடித்தது பாதி, அணில் கோதியது பாதியாக மரத்தடியில் கிடந்து புளிக்கும். எல்லோர் வீட்டிலும் மாம்பழம் இருக்கும்போது யாருக்கு மாம்பழம் கொடுப்பது? கொடுத்தாலும் வாங்கி வைக்க அவர்கள் வீட்டில் இடம் இருக்காது.

இந்த ஆகஸ்ட் விடுமுறைக்கு விடுதியிலிருந்து வீட்டுக்கு வரும் வழியில், கிளிநொச்சி நகரில் இறங்கி ஆயத்தப் பேஸ்ட்ரி ஷீட் இரண்டு பைக்கற் வாங்கினேன். கல் மாதிரி உறைந்திருந்தவற்றைப் பத்திரிகைத் தாளில் மூன்று சுற்றுச் சுற்றி, பொருளியல் கொப்பிகளுக்கு நடுவில் செருகிக்கொண்டு வட்டக்கச்சி பஸ்ஸில் ஏறினேன். பழத்தை உள்ளே வைத்து பேஸ்ட்ரி செய்வது என் திட்டம்.

வாப்பும்மாவுக்குத் திட்டம் பிடிக்கவில்லை. "மாவையும் கடையில வாங்கினா, பிறகு என்ன மகள் உன்ட கை செஞ்சது?" என்றார்.

இந்தக் கேள்வியைப் பல வீடுகளில் கேட்டிருப்பீர்கள். ஆயத்த மாவில் செய்வது சோம்பேறிச் சமையல், புதிய தலைமுறையின் ஏமாற்று என்று பெரியவர்களில் சிலர் நினைக்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. ஏன் என்று சொல்ல, அந்த ஷீட்டுக்குள் என்ன இருக்கிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

மா, தண்ணீர், உப்புச் சேர்த்துப் பிசைந்த மாவைப் பலகையில் விரித்து, நடுவில் தட்டையாக்கிய மாஜரினை அல்லது பட்டரை வைத்து மூடுகிறார்கள். உருட்டி நீட்டி மூன்றாக மடிக்கிறார்கள். குளிரில் வைத்து எடுத்து, திருப்பிப் போட்டு, மறுபடியும் உருட்டி மூன்றாக மடிக்கிறார்கள். இப்படி ஆறு தடவை மடித்தால் கொழுப்புப் படை 729 ஆகிவிடும். (மூன்றை ஆறு தடவை பெருக்கிப் பாருங்கள்.) அடுப்புச் சூட்டில் மாவிலுள்ள தண்ணீர் ஆவியாகி ஒவ்வொரு படையையும் மேலே தள்ளுகிறது. இடையிலுள்ள கொழுப்பு படைகளை ஒன்றோடொன்று ஒட்டவிடாமல் காக்கிறது. ஈஸ்ட்டும் இல்லை, அப்பச் சோடாவும் இல்லை. வெறும் நீராவிதான் அதைப் பூப்போல விரிய வைக்கிறது.

இத்தனைக்கும் ஒரு நிபந்தனை உண்டு. மடிக்கும்போது கொழுப்பு இறுகியே இருக்க வேண்டும். உருகினால் மாவோடு கலந்துவிடும். பிறகு படையும் இல்லை, பேஸ்ட்ரியும் இல்லை, எண்ணெய் குடித்த ரொட்டிதான் மிஞ்சும். கச்சான் காற்று அடிக்கும் ஆகஸ்ட் மாதத்தில், தகரக் கூரை போட்ட வன்னிக் குசினி ஒன்றில், மாஜரின் இறுகியிருக்கும் நேரம் எத்தனை நிமிடம்? குளிர் அறையும் உருட்டும் இயந்திரமும் உள்ள இடத்தில் செய்ய வேண்டிய வேலையை அங்கே செய்யவிட்டு, எங்களால் செய்யக்கூடிய வேலையை இங்கே செய்வதில் என்ன சோம்பேறித்தனம்? "மிளகாய்த்தூளை மில்லில குடுத்துத்தானே அரைக்கிறீங்க வாப்பும்மா?" என்று கேட்டேன். அதற்கு அவர் பதில் சொல்லவில்லை. வெற்றிலைப் பெட்டியைத் தேடினார்.

உண்மையில் மெல்லிய மாவைச் செய்வது எப்போதும் தனித் தொழிலாகத்தான் இருந்திருக்கிறது. துருக்கியில் 'யூஃப்கா' என்னும் தாள் போன்ற மாவை அதற்கென்று உள்ள கடையில் வாங்கிப் போய்த்தான் இன்றும் பலர் பலகாரம் செய்கிறார்கள். மொரோக்கோவில் அப்படிப்பட்ட மாவின் பெயர் 'வர்க்கா'. இலை என்று பொருள்படும் அரபுச் சொல் அது. அதையும் பெரும்பாலும் தேர்ந்த கைகளிடமிருந்து வாங்கித்தான் கொள்கிறார்கள். உஸ்மானியர் காலத்தில் ரமழான் பதினைந்தாம் நாள் இஸ்தான்புல் அரண்மனைச் சமையலறையிலிருந்து படைவீரர்களுக்கு பக்லாவாத் தட்டுகள் ஊர்வலமாகப் போகும், பத்து வீரருக்கு ஒரு தட்டு. பதினான்காம் நூற்றாண்டில் டில்லி சுல்தானின் விருந்தில் மெல்லிய மாவுக்குள் இறைச்சியும் பருப்பு வகைகளும் வைத்த சமூசாவைச் சாப்பிட்டதாக இப்னு பதூதா எழுதியிருக்கிறார். அதே இப்னு பதூதா 1344இல் எங்கள் நாட்டுக்கும் வந்தார். அவர் இறங்கிய இடம் புத்தளம் என்று கொள்கிறார்கள். மாவுக்குள் எதையாவது வைத்து மூடுவது நேற்று வந்த வேலை இல்லை.

"எங்கட மா" என்று வாப்பும்மா சொல்வதிலும் எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. கோதுமை இந்த நாட்டில் விளைவதில்லை. 1980 தொடக்கம் திருகோணமலையில் பிரிமா ஆலை அரைக்கும் மாவும் கப்பலில் வந்த கோதுமையில்தான் ஆகிறது. அதற்கு முன் மாவாகவே கப்பலில் வந்தது. அதனால்தான் வாப்பும்மா வயதினர் இன்னும் அதை 'அமெரிக்கன் மா' என்கிறார்கள். ஆகவே மா எப்போதும் வெளியிலிருந்து வந்ததுதான். பழம் மட்டுமே எங்களுடையது.

அதுவும் எங்களுடையதுதானா என்பதில்தான் இப்போது சிக்கல்.

அந்தக் கறுத்தக்கொழும்பானை வாப்பா பிறந்த வருடம், 1978இல், வாப்பும்மா நட்டார். மரத்துக்குப் பன்னிரண்டு வயதாகி நன்றாகக் காய்க்கத் தொடங்கியபோது, 1990 ஒக்டோபர் இறுதியில், வடக்கு முஸ்லிம்கள் எல்லோரோடும் எங்கள் குடும்பமும் வெளியேற்றப்பட்டது. புத்தளத்தில் ஓலைக் கொட்டிலில் இருபது வருடங்கள் போயின. அந்த இருபது வருடமும் மரத்தைப் பார்த்தவர் பக்கத்து வளவு ஆச்சி. சாம்பலும் எருவும் போட்டார், பழத்தைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தார். 2009 ஜனவரியில் அவர்களும் எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஓடினார்கள். மெனிக் பாம் முகாமில் இருந்துவிட்டு 2010இல் ஆச்சி திரும்பி வந்தபோது அவர் வீட்டுக்குக் கூரை இல்லை. எங்கள் வீடு இருந்த இடத்தில் அத்திவாரம் மட்டும் கிடந்தது. மரத்தில் ஒரு கிளையைச் செல் கொண்டுபோயிருந்தது. மற்றக் கிளைகளில் பூ இருந்ததாம்.

2011இல் நாங்கள் வந்தோம். எனக்கு அப்போது மூன்று வயது, ஒன்றும் ஞாபகமில்லை. வாப்பும்மா சொல்லித்தான் தெரியும். "மரம் உங்கட, அக்கா. இருவது வரியமாப் பழம் நாங்கள்தான் திண்டம்" என்றாராம் ஆச்சி. "தின்னத்தானே நட்டது" என்றாராம் வாப்பும்மா. அன்றிலிருந்து பழம் பாதிக்குப் பாதி. வேலியில் ஆள் நுழையும் அளவுக்கு ஒரு பொட்டு இருந்தது. பழமும் அதன் வழியாகப் போகும், சிறுவர்களான நாங்களும் அதன் வழியாகப் போவோம்.

கடந்த வருடம் நில அளவை நடந்தது. இடப்பெயர்வுகளில் இரண்டு வீட்டாரும் காணிப் பத்திரங்களில் சிலவற்றைத் தொலைத்திருந்தார்கள். எல்லைக் கல் ஒன்றையும் காணவில்லை. கல் இருந்த இடத்தை ஒருவர் இங்கே என்றார், ஒருவர் அங்கே என்றார். இந்தப் பக்கம் என்றால் மரம் எங்கள் வளவில், அந்தப் பக்கம் என்றால் அவர்கள் வளவில். வாப்பாவும் ஆச்சியின் மகனும் பேசுவதை நிறுத்தினார்கள். ஒரு நாள் காலை பார்த்தால் பொட்டைத் தகரம் வைத்து அடைத்திருந்தது. யார் பக்கம் நியாயம் என்று எழுத நான் வரவில்லை. எனக்கு அது தெரியவும் தெரியாது. மரத்தடியில் இரு பக்கமும் பழம் விழுந்து அழுகியது என்பது மட்டும் தெரியும். யாரும் பொறுக்கவில்லை. பொறுக்கினால் உரிமை கேட்பது போலாகிவிடும் என்று பெரியவர்கள் நினைத்தார்கள் போலும்.

பேஸ்ட்ரி ஷீட்டை வாங்கும்போதே ஆச்சி வீட்டுக்கும் ஒரு தட்டுப் போக வேண்டும் என்று நினைத்துத்தான் வாங்கினேன். கறி ஆக்கும்போது அயல் வீட்டையும் நினைக்கச் சொல்லும் நபிமொழியை நாம் எல்லோரும் சிறு வயதிலேயே படித்தோம். அதில் எல்லைக் கல்லைப் பற்றி ஒன்றும் இல்லை.

ஆனால் அந்தத் தட்டு அங்கே போவதற்கு இரண்டு சோதனைகளைத் தாண்ட வேண்டியிருந்தது.

முதலாவது எங்களுடையது. பைக்கற்றின் பின்பக்கத்தைக் கடையில் நின்றே வாசித்தேன். பொடி எழுத்தைப் பார்த்துச் சலித்துக்கொள்ளாதீர்கள். 'ஷோர்ட்னிங்' என்று மட்டும் எழுதியிருந்தால் அது தாவரக் கொழுப்பாகவும் இருக்கலாம், மிருகக் கொழுப்பாகவும் இருக்கலாம். ஈ 471 என்ற இலக்கமும் அப்படித்தான். தண்ணீரும் கொழுப்பும் பிரியாமல் பிடித்து வைக்கும் பொருள் அது. தாவர எண்ணெயிலும் செய்வார்கள், மிருகக் கொழுப்பிலும் செய்வார்கள், இலக்கம் இரண்டுக்கும் ஒன்றே. ஈ 920 மாவை மென்மையாக்கச் சேர்ப்பது. அதைப் பறவை இறகிலிருந்தும் எடுப்பதுண்டு. ஆகவே இலக்கத்தை மட்டும் பார்த்து ஒரு பொருளை ஹலால் என்றோ ஹராம் என்றோ தீர்த்துவிட முடியாது. ஹலால் இலச்சினை இருக்கிறதா, தாவரக் கொழுப்பு என்று தெளிவாக எழுதியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். நான் வாங்கியதில் இரண்டும் இருந்தன.

இரண்டாவது சோதனை அவர்களுடையது. நல்லூரில் கொடி ஏறியிருந்தது. திருவிழா நடக்கும் 25 நாளும் ஆச்சி வீட்டில் மச்சம் இல்லை. முட்டையும் அவர்களுக்கு மச்சம்தான். பேஸ்ட்ரி பொன்னிறமாக வரவும் ஓரங்கள் ஒட்டவும் எல்லோரும் பூசுவது அடித்த முட்டை! ஆகவே முட்டை வேண்டாம். ஓரத்துக்குத் தண்ணீர், மேலே பூச சீனி கரைத்த பால் என்று முடிவு செய்தேன். நிறம் கொஞ்சம் மங்கலாக வரும், ருசியில் குறையில்லை. எங்களுக்காகத் தாவரக் கொழுப்பு என்று தேடி வாங்கிய ஷீட் அவர்களுக்கும் பொருந்தியதை நினைக்க எனக்குச் சிரிப்பு வந்தது.

மிச்சம் இருந்தது பாத்திரம். எங்களிடம் அவன் இல்லை. சுடுவதற்கு ஏற்ற பெரிய சருவம் ஒன்று உண்டு, ஆனால் பெருநாளுக்குப் பிரியாணி ஆக்குவது அதில்தான். எத்தனை தடவை கழுவினாலும் அது மச்சச் சட்டிதானே. உம்மாவிடம் சொன்னபோது அவர் கொஞ்சம் யோசித்து, "அப்ப ஆச்சிட்டயே ஒரு சட்டி கேளு" என்றார். தகரத்துக்கு மேலால் எட்டிக் கேட்டேன். விடயத்தைச் சொன்னேன். ஆச்சி ஒன்றும் பேசாமல் உள்ளே போனார். கோபமாக்கும் என்று நினைத்து நான் திரும்பிவிட்டேன். கால் மணித்தியாலம் கழித்து, வீதியால் சுற்றி, படலையைத் திறந்துகொண்டு, தலையில் பெரிய அலுமினியச் சட்டியோடு வந்து நின்றார். ஒரு வருடத்துக்குப் பிறகு எங்கள் வளவுக்குள் அவர் வந்தது அன்றுதான்.

"அவன் என்னத்துக்கு? நாங்கள் கலியாணக் கேக்கே இதிலதான் சுட்டனாங்கள்" என்றார்.

பொருளாதாரத் தடைக் காலத்தில் வன்னியில் மின்சாரமும் இல்லை, மண்ணெண்ணெயும் தேடித் திரிய வேண்டிய பொருள். அப்போது பழகிய கைவேலை அது. நான் கண்டபடி எழுதுகிறேன், அவன் இல்லாத வீடுகளுக்கு உதவும். சட்டியின் அடியில் இரண்டு விரல் உயரத்துக்கு உலர்ந்த மணலைக் கொட்டி, அதன் மேல் மூன்று சிறு கற்களை வைத்து, மூடி அடுப்பில் ஏற்ற வேண்டும். மணல் நன்றாகச் சுட அரை மணித்தியாலம் எடுக்கும். சிரட்டைகளை எரித்துத் தணலாக்கி, சட்டியின் மூடியைக் கவிழ்த்து வைத்து அதன் மேல் பரப்ப வேண்டும். அப்போது சூடு மேலும் கீழும் ஒரே மாதிரி இருக்கும். சூடு போதுமா என்று அறிய ஆச்சி கொப்பித் தாளில் ஒரு துண்டைக் கிழித்து உள்ளே போட்டார். சில நிமிடத்தில் தாள் தேயிலை நிறமானால் சரி. கருகினால் தணலைக் குறைக்க வேண்டும். என் பொருளியல் கொப்பிக்கு அன்று நல்ல பயன் கிடைத்தது.

சூடு ஏறும் நேரத்தில் பழத்தைப் பார்க்கலாம். மாம்பழத்தில் தண்ணீர் அதிகம். பச்சையாகவே மாவுக்குள் வைத்தால் அடிப்பக்கம் ஊறி, வேகாமல் களியாகிவிடும். நன்றாகப் பழுத்த மூன்று கறுத்தக்கொழும்பானின் சதையைச் சிறு துண்டாக்கி, மூன்று மேசைக்கரண்டி சீனி, அரைத் தேசிக்காய்ப் புளி, ஒரு சிட்டிகை உப்புச் சேர்த்து மெல்லிய நெருப்பில் கிளற வேண்டும். தண்ணீர் வற்றியதும், ஒரு தேக்கரண்டி கோன்பிளவரைக் கொஞ்சத் தண்ணீரில் கரைத்து ஊற்ற வேண்டும். அகப்பையால் சட்டியின் அடியில் ஒரு கோடு இழுத்தால் அது உடனே மூடாமல் நிற்பதுதான் பதம். கடைசியில் ஏலக்காய். பிறகு முற்றாக ஆற வேண்டும். இதில் பொறுமை வேண்டும், ஏனெனில் இளஞ்சூட்டில் வைத்தாலும் அந்த 729 படைக்குள் இருக்கும் மாஜரின் உருகத் தொடங்கிவிடும். பிள்ளைகளை அந்நேரம் குசினிக்குள் விடாதீர்கள், பாதி காணாமற்போகும்.

ஷீட்டைப் பிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்து, மடங்கும் அளவுக்கு இளகியதும் எடுத்து, 10 சென்ரிமீற்றர் சதுரங்களாக வெட்டினோம். ஒவ்வொன்றிலும் ஒரு மேசைக்கரண்டிக்கு மேல் பழம் வேண்டாம். ஓரத்தில் தண்ணீர் தொட்டு, முக்கோணமாக மடித்து, முள்ளுக்கரண்டியால் அழுத்தி, மேலே இரண்டு கீறல். உள்ளே எழும் ஆவி வெளியேற வழி இல்லாவிட்டால் அது ஓரத்தை உடைத்துக்கொண்டு போகும். பாலைப் பூசித் தட்டில் அடுக்கிச் சட்டிக்குள் இறக்கினோம். எங்கள் சட்டிக்கு ஒரு தட்டில் ஆறுதான் பிடித்தது. அரை மணித்தியாலம் வரை எடுத்தது. இடையில் மூடியைத் திறக்க ஆச்சி விடவேயில்லை.

உருகிய ஷீட்டைத் திருப்பி உறைய வைக்கக்கூடாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். கரண்ட் அடிக்கடி போகும் இடங்களில் தேவைக்கு மட்டும் வாங்குவதே நல்லது. 2022 மார்ச் இறுதியில் நாளொன்றுக்குப் பதின்மூன்று மணித்தியாலம் மின்வெட்டு இருந்ததை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். அந்த வருடம் இந்தக் கட்டுரைக்கு இடமே இருந்திருக்காது.

மற்றப் பழங்களைப் பற்றியும் இரண்டு வார்த்தை. கதலி வாழைப்பழம் அருமை. சர்க்கரையும் தேங்காய்ப்பூவும் சேர்த்து ஐந்து நிமிடம் வதக்கினால் போதும். அன்னாசியை மாம்பழத்தை விட நீண்ட நேரம் வற்றவிட வேண்டும். பப்பாசி எனக்குப் பிடிக்கவில்லை, சூட்டில் அதன் மணம் போய்விடுகிறது.

முதல் தட்டு வெந்து வந்தபோது ஆறும் உயர எழுந்து நின்றன. வாப்பும்மா ஒன்றை உடைத்துப் பார்த்தார். உடைத்த இடத்தில் படை படையாகக் கொப்பி ஒற்றைகள் போலத் தெரிந்தது. அவர் மாவைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. பழத்தைத்தான் பார்த்தார். "இது மேற்குப் பக்கக் கிளைப் பழம். அதுக்குத்தான் இந்தப் புளிப்பு" என்றார். "ஓம் அக்கா, செல் பட்ட கிளைக்குப் பக்கத்துக் கிளை" என்றார் ஆச்சி. இருவரும் அடுப்படியில் பலகை போட்டு உட்கார்ந்து, எந்த வருடம் எந்தக் கிளை காய்த்தது, எந்த வருடம் பூக் கருகியது என்று நீண்ட நேரம் பேசினார்கள். 1990 வரை வாப்பும்மாவுக்குத் தெரியும். அதற்குப் பிறகு ஆச்சிக்குத் தெரியும். காணிப் பத்திரத்தைப் பற்றி இருவரும் வாய் திறக்கவில்லை.

மொத்தம் பதினெட்டு வந்தது. பத்தைத் தட்டில் அடுக்கி, மேலே கடதாசி போட்டு ஆச்சியிடம் கொடுத்தோம். சட்டியை நான் தூக்கிக்கொண்டு வீதியால் அவரோடு போனேன். பின்னேரம் ஆச்சியின் பேரன் தகரத்துக்கு மேலால் தலையை நீட்டி, "அக்கா, அப்பா மூண்டு திண்டவர்" என்று கத்தினான். விறாந்தையில் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்த வாப்பாவுக்கு அது கேட்டிருக்க வேண்டும். பேப்பரின் பக்கத்தைத் திருப்பினார்.

தகரம் இன்னும் அங்கேதான் இருக்கிறது. அளவை விடயமும் முடியவில்லை, அது முடியும்போது முடியும். ஆனால் மரத்தடியில் இப்போது பழம் கிடப்பதில்லை. காலையில் நான் எழும்பமுன் யாரோ பொறுக்கி, தகரத்தின் ஓரத்தில் எங்கள் பங்கை ஒரு ஓலைப் பெட்டியில் வைத்துவிடுகிறார்கள்.

எங்கள் தட்டுத்தான் இன்னும் திரும்பி வரவில்லை. வெறும் தட்டாக அனுப்பக்கூடாது என்று ஆச்சி பனம்பழம் விழக் காத்திருக்கிறாராம். பனங்களியை வற்றக் காய்ச்சி இந்த ஷீட்டுக்குள் வைத்தால் எப்படி இருக்கும் என்று பேரனிடம் கேட்டு விட்டிருந்தார். கசப்பை எடுக்க நன்றாகக் காய்ச்ச வேண்டும், சீனியும் கொஞ்சம் கூட வேண்டும் என்று நினைக்கிறேன். பிரிட்ஜில் இன்னும் ஒரு பைக்கற் இருக்கிறது.